நீலம் எத்தனை கரண்டி?

சாயாவரம் எந்தத் தாலுகாவில் இருக்கிறது என்று யாரும் தேட வேண்டாம். அறுபதாம் வருஷம் எந்த ஊர் மதராஸுக்கு, எந்த ஊர் ஆந்திராவுக்கு என்று ஒவ்வொன்றாக எண்ணி எல்லை பிரித்தார்களே, அந்தப் பட்டியலிலும் அது கிடையாது. அது செல்லியம்மாவின் வாயில் மட்டும் இருந்த ஊர். ஆனால் கையோ காலோ முறிந்து புத்தூருக்கு வந்து, ரயில் கேட்டுப் பக்கத்துக் கொட்டாயில் படுத்தவர்களைக் கேட்டுப் பாருங்கள். சாயாவரம் என்றதும் சிரிப்பார்கள். அந்த ஊருக்குப் போய் வந்துதான் அவர்கள் எலும்பு நேராச்சு.

கொட்டாய் கோவர்த்தனன் வைத்தியருடையது. பேர்போன பெரிய கட்டுக்காரர் இல்லை அவர். நாலைந்து கட்டில், ஒரு ஆட்டுக்கல், பின்னால் பச்சிலைத் தோட்டம், அவ்வளவுதான். மனுஷர் அதிகம் பேசமாட்டார். கையைத் தடவிப் பார்ப்பார், ஒரு முறை இழுப்பார், 'டக்'கென்று சத்தம் வரும், முடிந்தது. அப்புறம் பச்சிலையை அரைத்து முட்டை வெள்ளையில் குழைத்துத் துணியில் பூசி, மூங்கில் தப்பை வைத்துக் கட்டிவிடுவார்.

எல்லாம் அந்த ஒரு இழுப்பில் இருக்கிறது. படுத்திருக்கிறவன் உடம்பைத் தளர விட்டிருந்தால் எலும்பு தன் இடத்தில் போய் உட்காரும். பயந்து விறைத்துக்கொண்டானோ, போச்சு, சதை இரும்பாகி எலும்பைக் கோணலாகப் பிடித்துக்கொள்ளும். ஆயுசுக்கும் கோணல்தான். வலிக்கப் போகிறது என்று தெரிந்தும் விறைக்காத ஆம்பளை எவன் இருக்கிறான், சொல்லுங்கள். அதற்குத்தான் செல்லியம்மா.

அவள் தலைமாட்டில் உட்கார்ந்து கதையை எடுப்பாள்.

"சாயாவரம், சாயாவரம்னு ஒரு ஊரு நைனா. அந்த ஊருக்குச் சூரியனே கெடையாது. மலை மேல ஒரு பெரிய அண்டா. அதும் பக்கத்துல மூணு பானை. ஒண்ணுல செவப்பு, ஒண்ணுல மஞ்சள், ஒண்ணுல நீலம். கலக்குறவள்னு ஒருத்தி. அவ தெனம் கோழி கூப்புட மலை ஏறி, மூணையும் அளவா ஊத்திக் கலக்குவா. கலக்குனா ஆவி கெளம்பும். அந்த ஆவி வானம் பூரா பரவுனாத்தான் அன்னிக்கிப் பொழுது விடியும்."

அளவு தப்பினால் என்ன ஆகும் என்பதைச் சொல்லும்போது அவள் முகத்தைப் பார்க்க வேண்டும். செவப்பு ஒரு கரண்டி கூடிவிட்டால் அன்றைக்கு ஊரே சண்டை, சேவல்கூடப் பெட்டையைக் கொத்தும். மஞ்சள் கூடினால் எழவு வீட்டிலும் சிரிப்பார்கள். நீலம் கூடினால் எல்லாருக்கும் மறதி. மாடு அடுத்தவன் வீட்டில் போய் நிற்கும், பெண்டாட்டி யாரென்று புருஷன் யோசிப்பான். ஆத்துல போட்டாலும் அளந்து போடு என்கிறார்களே, அந்த ஊரில் வானத்தில் போட்டாலும் அளந்துதான் போட வேண்டும். அளவு சரியாக அமைந்தால் ஒரு நிறம் வரும். அதற்குப் பெயர் கிடையாது. அதைப் பார்த்தவனுக்கெல்லாம், ரொம்ப வேண்டியவர்கள் யாரோ பின்னால் நின்று பேர் சொல்லிக் கூப்பிட்ட மாதிரி இருக்கும்.

"அந்தக் கலக்குறவ ஒரு நாளு செத்துப்பூட்டா நைனா. அளவ யாருக்கும் சொல்லாமலே செத்துப்பூட்டா! ஊரு இருட்டுல கெடக்குது. புள்ளைங்க அழுவுது. பயிரு வெளுத்துப் போச்சி. பாத்தா ஒரு பொம்பள, 'ஆனது ஆவட்டும்'னு கரண்டிய எடுத்துக்கினு மலை ஏறிட்டா. செவப்பு மூணு ஊத்திட்டா. மஞ்சள் நாலு ஊத்திட்டா. இப்ப நீலப் பானையில கரண்டிய உட்டுக்கினு நிக்கிறா. அவளுக்குத் தெரியல. ஊரே கீழ நின்னு பாக்குது. நீ சொல்லு நைனா, நீலம் எத்தனை கரண்டி?"

படுத்திருப்பவன் கண் மேலே போகும். நெற்றி சுருங்கும். வாய் திறக்கும். அந்த நேரம் பார்த்து வைத்தியர் இழுத்துவிடுவார். 'டக்'.

தெலுங்குக்காரர் வந்தால் கதையும் தெலுங்கில் நடக்கும். "செப்பு நாயனா, நீலம் என்னி கரிட்டெலு?" என்பாள். வேர்க்கடலைக்காரன் எருக் கணக்கில் பதில் சொல்வான். ஒரு வாத்தியார், "மொத்தம் எத்தனை படி அண்டா, அதச் சொல்லு முதல்ல" என்று கேட்டு வாய் மூடுவதற்குள் தோள் சேர்ந்துவிட்டது. புத்தூர் சந்தைக்கு மிளகாய் விற்க வந்து விழுந்த ஒரு அம்மா, புளிக்குழம்புக்கு உப்புப் போடுகிற கணக்காக, "கண் அளவுதான் தாயீ" என்றாள். கட்டுப் போட்ட பிறகு எல்லாரும் கேட்பார்கள், "சரியான அளவு எதும்மா?" என்று. செல்லியம்மா அதற்குள் அடுத்த ஆளுக்கு இலை அரைக்கப் போயிருப்பாள்.

உண்மை என்ன தெரியுமா? அவளுக்கே தெரியாது. கேள்விக்கு அந்தப் பக்கம் கதை ஒரு நாளும் போனதில்லை. இழுத்து முடிந்த பிறகு கதை எதற்கு?

அவள் இந்த வேலைக்கு வந்த விதம் சொல்ல வேண்டும். விஜயபுரத்துப் பக்கம், நிலம் நீச்சு இல்லாத குடும்பம். அவளும் புருஷன் கங்கையாவும் கூலிக்குப் போகிறவர்கள். ஆந்திரா தனி ராஜ்யம் ஆனதற்கு முந்தின வருஷம், வேர்க்கடலை மூட்டை ஏற்றும்போது வண்டி மேலிருந்து கங்கையா விழுந்தான். தொடை எலும்பு இரண்டாய்ப் போச்சு. மாட்டு வண்டியில் போட்டு இதே கொட்டாய்க்குக் கொண்டுவந்தாள். வைத்தியர் காலைப் பிடித்தார். செல்லியம்மா புருஷன் தோளைப் பிடித்துக்கொண்டிருந்தாள். பாவி மனசு கேட்குமா? அவனுக்கு வலிக்குமே என்று குனிந்து காதில் சொன்னாள்: "யோவ், இஸ்துடப் போறாருய்யா, பல்லக் கடிச்சிக்கோ."

கங்கையா பல்லைக் கடித்தான். பல்லோடு சேர்த்துக் காலையும் இறுக்கினான். எலும்பு இரண்டு விரல் கடை விலகிச் சேர்ந்தது. அதோடு அவன் மூட்டை தூக்குவது முடிந்தது. வைத்தியர் ஒரு வார்த்தை திட்டவில்லை. போகிற இடம் இல்லாத இரண்டு பேரையும் அங்கேயே இருக்கச் சொன்னார். கங்கையா மூங்கில் பிளந்து தப்பை சீவினான், செல்லியம்மா இலை அரைத்தாள். ஒரு மாசத்துக்குள் சாயாவரம் பிறந்துவிட்டது. இனிமேல் ஒருத்தருக்கும் 'இதோ இழுக்கப் போறாரு' என்று சொல்ல மாட்டேன் என்று அவள் எடுத்த வைராக்கியம் அது. இதை அவள் யாரிடமும் சொன்னதில்லை, கங்கையாவிடமும் சொன்னதில்லை.

கங்கையா என்ன நினைத்தான் என்று யாருக்கும் தெரியாது. அவள் கதையை எடுத்தால் அவன் கத்தியை எடுத்துக்கொண்டு வெளியே புங்கமரத்தடிக்குப் போய்விடுவான். "பொண்டாட்டி கதை புடிக்காத ஒரே ஆளு நீதான்யா" என்று நோயாளிகள் கேலி பண்ணுவார்கள். அவன் மூங்கிலைப் பார்த்துக்கொண்டே இருப்பான். எட்டு வருஷம் இப்படி ஓடியது. புருஷனும் பெண்டாட்டியும் ஒரே குடிசையில்தான் இருந்தார்கள். பேச்சு மட்டும் சோறு, தண்ணி, மூங்கில், இலை என்பதோடு நின்றுபோச்சு.

அறுபதாம் வருஷம் பங்குனி. திருத்தணி மதராஸுக்குப் போகிறது என்று முடிவாகி, நாள் நெருங்கிக்கொண்டிருந்த நேரம். கொட்டாயில் இரண்டு பேர் எதிரும் புதிருமாகப் படுத்திருந்தார்கள். ஒருத்தர் முனிரத்தினம். அவர் ஊர் திருத்தணியோடு சேர்ந்து அந்தப் பக்கம் போகிறது. இன்னொருத்தர் ரங்கையா. அவர் ஊர் இந்தப் பக்கமே நிற்கிறது. இரண்டு பேரும் தமிழ்தான், இரண்டு பேரும் நெல் போடுகிறவர்கள், இரண்டு பேருக்கும் காலில்தான் கட்டு. இருபது நாளாக எழுந்திருக்க முடியாமல் மல்லாந்து கிடந்தால் மனுஷன் என்ன செய்வான்? சாயாவரத்து அளவைப் பற்றித்தான் தர்க்கம் பண்ணிக்கொண்டிருந்தார்கள்.

"நீலம் அஞ்சுய்யா" என்பார் முனிரத்தினம்.

"அஞ்சு ஊத்துனா ஊரு பூரா மறந்துபூடும். ரெண்டுதான்" என்பார் ரங்கையா.

"மறந்தா மறக்கட்டும். ஒனக்கு இன்னா போச்சி? நீ இங்கயே கெடக்கப்போற. நாங்க மதராஸு."

"ஆமா, மதராஸு போனா இவுரு வயல்ல நெல்லுக்குப் பதிலா தங்கம் வெளையப்போவுது!"

நிறத்தில் ஆரம்பித்தது எல்லைக்குப் போச்சு, எல்லை சாதி சனத்துக்குப் போச்சு, அப்புறம் யார் தாத்தா யார் வீட்டில் கூழ் குடித்தார் என்பது வரைக்கும் போச்சு. இரண்டு பேராலும் எழுந்து அடிக்க முடியாது. ரங்கையாவின் கைக்கு எட்டினது ஒரே ஒரு சாமான். செல்லியம்மா கட்டுக்காக உடைத்து வைத்திருந்த முட்டை வெள்ளைக் கிண்ணம். எடுத்து வீசினார். கிண்ணம் முனிரத்தினத்தின் மேல் படவில்லை. கடப்பைக்கல் தரையில் விழுந்து வழவழவென்று ஓடியது.

சத்தம் கேட்டு, "ஐயே, இன்னாங்கடா இது!" என்று உள்ளே ஓடி வந்தாள் செல்லியம்மா. முதல் அடியிலேயே வழுக்கியது. வலது கையை ஊன்றி விழுந்தாள். விழுந்தவள் கையைத் தூக்கிப் பார்த்தாள். மணிக்கட்டுக்கு மேலே அகப்பை மாதிரி வளைந்து நின்றது.

சண்டை அடங்கிப்போச்சு. ரங்கையா தலையில் அடித்துக்கொண்டார். வைத்தியர் வந்து குந்தி, கையைத் தடவிப் பார்த்தார்.

"வீக்கம் ஏறிக்கினு கீது" என்றார். "பொழுது சாயறதுக்குள்ள இஸ்துடணும். வீங்கிடுச்சின்னா நாலு நாளைக்கித் தொட முடியாது. அப்பால அது தன் இஷ்டத்துக்கு ஒட்டிக்கும்."

செல்லியம்மாவுக்கு அதைச் சொல்ல வேண்டியதே இல்லை. வலது கை கோணலாகிவிட்டால் ஆட்டுக்கல்லைப் பிடிக்க முடியாது. களி கிண்ட முடியாது. ஒருத்தன் கால் ஏற்கெனவே கோணல். இரண்டு பேர் வயிறும் அந்த ஒரு கையில்தான் இருந்தது.

"இஸ்துடுங்க அய்யா" என்றாள். கையை நீட்டினாள்.

வைத்தியர் பிடித்தார். பிடித்தவுடனே கை கல்லாகிவிட்டது. "தளர உடும்மா." "உட்டுட்டேன் அய்யா." எங்கே விட்டாள்? அவர் விரல் அசைவதற்கு முன்னாலேயே அவள் தோள் இறுகியது. பாம்பின் கால் பாம்பறியும். எட்டு வருஷம் அந்த நொடிக்காகவே காத்திருந்து பழகினவள். எந்த மூச்சில் வைத்தியர் இழுப்பார் என்று அவளுக்குத் தெரியாமல் வேறு யாருக்குத் தெரியும்?

"நான் சொல்றேம்மா கதைய" என்றார் ரங்கையா, கட்டிலில் கிடந்தபடியே, அழாக்குறையாக. "சாயாவரம்னு ஒரு ஊரு. மலை மேல ஒரு குண்டான்..."

"அண்டா" என்றார் முனிரத்தினம்.

"சரி, அண்டா. அதும் பக்கத்துல ரெண்டு பானை..."

"மூணு!" என்று செல்லியம்மாவே கத்தினாள். வலியிலும் அவளுக்குக் கோபம் வந்தது. "மூணு பானைய்யா! இருவது நாளு கேட்டுட்டு இதுகூடத் தெரியல!"

கோபத்தில் கை தளர்ந்திருக்கும் என்று வைத்தியர் லேசாக இழுத்துப் பார்த்தார். அவள் வீறிட்டாள். கை இன்னும் இறுகியது. அவர் விட்டுவிட்டு எழுந்து, வியர்வையைத் துடைத்துக்கொண்டார். முழங்கை வரை வீக்கம் ஏறியிருந்தது. ஊருக்குத்தான் உபதேசம் என்று யாரும் சொல்லவில்லை, ஆனால் எல்லாருக்கும் அதுதான் தோன்றியது.

அப்போதுதான் கங்கையா உள்ளே வந்தான். சீவின தப்பைகளைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, காலை இழுத்து இழுத்து வந்தான். அவளுக்கு எதிரே, ஈரத் தரையில் அப்படியே உட்கார்ந்தான். அவன் கதை சொல்லவில்லை. தப்பையைக் கீழே வைத்துவிட்டு அவள் முகத்தைப் பார்த்தான்.

"ஒண்ணு கேக்கட்டா?"

"இப்பவா?"

"எட்டு வருஷமா எல்லாரையும் கேட்ட. நகரிக்காரனக் கேட்ட, குடிபாலாக்காரனக் கேட்ட, தெலுங்குக்காரங்களக் கேட்ட. போலீஸ்காரனையே கேட்ட. என்னை மட்டும் ஏம்மே ஒரு தபா கூடக் கேக்கல?"

செல்லியம்மா தலையைக் குனிந்துகொண்டு சொன்னாள்.

"உன் கால் கோணலானது என்னாலதானேய்யா. பல்லக் கடிச்சிக்கோன்னு நான் சொல்லாம இருந்திருந்தா... உங்கிட்டப் போயி எந்த மொகத்த வெச்சிக்கினு கதை சொல்லுவேன்? எல்லாரு எலும்பையும் நேராக்கிட்டு, உன் கால மட்டும் பாத்துக்கினே கெடக்குறனே."

கண்ணீர் பொலபொலவென்று கொட்டியது. இடது கையால் துடைத்தாள்.

"அது அப்பால பேசலாம்" என்றான் கங்கையா. "இப்பக் கேளு."

"இன்னாத்தக் கேக்கறது?"

"அதான். எல்லாரையும் கேப்பியே, அது."

அவள் அவனைப் பார்த்தாள். எப்போதும் கேட்கிற மாதிரி அவளால் கேட்க முடியவில்லை.

"செவப்பு மூணு ஊத்திட்டாய்யா. மஞ்சள் நாலு. நீலப் பானையில கரண்டிய உட்டுக்கினு நிக்கிறா. நீ சொல்லு. நீலம் எத்தனை?"

கங்கையா மேலே பார்த்தான். நெற்றி சுருங்கியது. விளையாட்டுக்கு யோசிக்கிற முகம் இல்லை அது. விரல்களை ஒவ்வொன்றாக மடக்கி என்னவோ கணக்குப் போட்டான், அழித்தான், மறுபடியும் போட்டான். உதடு பிரிந்தது. செல்லியம்மா அந்த உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஆயிரம் பேரைக் கேட்டிருக்கிறாள், ஒருத்தர் பதிலும் அவளுக்குத் தேவைப்பட்டதில்லை. இப்போது இவன் என்ன சொல்லப் போகிறான் என்று தெரிந்துகொள்ளாவிட்டால் உயிரே போய்விடும் போல இருந்தது.

'டக்'.

"அம்மாடி!" என்று அலறினாள். குனிந்து பார்த்தாள். கை நேராக இருந்தது. எப்போது வந்து பிடித்தாரோ, வைத்தியர் ஒன்றும் நடக்காதது மாதிரி இலைத் துணியைச் சுற்றிக்கொண்டிருந்தார்.

கட்டுப் போட்டு, கையைத் தூளியில் தொங்கவிட்டு, சுவரோரம் உட்கார வைத்த பிறகு அவளுக்கு ஆத்திரம் வந்தது.

"ரெண்டு பேரும் சேந்துக்கினு என்னையே ஏமாத்திட்டீங்க இல்ல?"

"நான் எங்க ஏமாத்துனேன்?" என்றான் கங்கையா. "அவரு இஸ்துட்டாரு. நான் நெஜமாத்தான் யோசிச்சிக்கினு இருந்தேன்."

வைத்தியர் திரும்பிக்கூடப் பார்க்காமல் கை கழுவப் போனார்.

கங்கையா மூங்கில் சிலாம்புகளைக் கூட்டி அள்ளினான். அள்ளிக்கொண்டே, அவள் பக்கம் பார்க்காமல் சொன்னான்.

"கால் ஒரு வருஷம் வலிச்சிதும்மே. அப்பால பழகிப்போச்சி. நீ ஊருக்கெல்லாம் கதை சொல்லுவ. எங்கிட்ட வந்து 'சோறு கீது, துன்னு'ன்னு சொல்லிட்டுப் பூடுவ. அதக் கேக்க மாட்டாமத்தான் நான் வெளிய போய்க் குந்திக்கினு இருந்தேன். அதான் வலி. அது பழகவே இல்ல."

எட்டு வருஷத்தை எந்த வாயால் திருப்பித் தருவது? செல்லியம்மா இடது கையால் தரையைத் தட்டிக் காட்டி, "இங்க வந்து குந்து" என்றாள். அவன் கோணல் காலை நீட்டிக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்தான்.

"சாயாவரம், சாயாவரம்னு ஒரு ஊருய்யா" என்று ஆரம்பித்தாள்.

அண்டாவைச் சொன்னாள், மூன்று பானையைச் சொன்னாள். கலக்குறவள் செத்ததைச் சொன்னாள். முனிரத்தினமும் ரங்கையாவும் மூச்சு விடாமல் கேட்டார்கள். நீலப் பானைக்கு வந்தாள். கேட்டாள். கேட்டுவிட்டுக் காத்திருந்தாள். இழுக்க யாரும் இல்லை.

"ரெண்டு" என்றான் கங்கையா.

"நான் சொல்லல?" என்று ரங்கையா கட்டிலில் எம்பினார். "சும்மாயிருய்யா" என்று முனிரத்தினம் அதட்டினார்.

"ரெண்டா? நெஜமா?"

"ரெண்டு. அளந்து பாத்துட்டேன்."

"சரி" என்றாள் செல்லியம்மா. இடது கையால் காற்றில் ஒரு கரண்டி ஊற்றினாள், இன்னொரு கரண்டி ஊற்றினாள். அதற்கு மேல் என்ன நடக்கும் என்று அவளுக்கு இதுவரை யோசிக்க வேண்டியிருந்ததே இல்லை.

"அப்பால?" என்று கேட்டான் கங்கையா.

"விடிஞ்சிடுச்சிய்யா" என்றாள், அழுதுகொண்டே.